இருபத்துநாலு நூல் இரும்பு

எந்த இரும்பைக் காட்டினாலும் எங்கள் மாமா முதலில் கேட்பது ஒரே கேள்வி: "எத்தன சூத்?" முப்பது வருஷத்துக்கு மேல் மும்பை தாருக்கானாவில் கப்பல் உடைக்கும் வேலை பார்த்தவர், கேஸ் கட்டர். ஒரு சூத் என்பது அங்குலத்தில் எட்டில் ஒரு பங்கு. நம் ஊர் ஆசாரிகள் இதையே நூல் என்பார்கள். இந்தியில் சூத் என்றாலும் நூல்தான். தூத்துக்குடிப் பக்கத்திலிருந்து 1984-ல் ரயிலேறி வந்தவர் பேச்சு, சாப்பாடு, தூங்கும் நேரம் எல்லாவற்றையும் மாற்றிக்கொண்டாராம். மாற்றத் தேவைப்படாமல் போனது இந்த ஒரு அளவுதான்.

தாருக்கானா என்றதும் சாராயக்கடை என்று நினைத்துக்கொள்கிறவர்கள் உண்டு. மராட்டியில் தாரூ என்றால் வெடிமருந்தும்தான். ஒரு காலத்தில் வெடிமருந்துக் கிடங்கு இருந்த இடம். ரே ரோடு ஸ்டேஷனில் இறங்கிக் கடல் பக்கம் நடந்தால் துருவும் கரியும் கலந்த ஒரு வாசனை வழி காட்டும். 2014-ல் பழைய விக்ராந்த் விமானந்தாங்கிக் கப்பலை உடைத்தது இங்கேதான். அந்த இரும்பில் கொஞ்சம் போய் பஜாஜ் வி மோட்டார் சைக்கிளானது. "போர்க்கப்பல்ல நாலு பேரு ஆபீசுக்குப் போறான்" என்பார் மாமா.

போன மழைக்காலத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை ஆண்டாப்ஹில் வீட்டுக்குப் போயிருந்தேன். மின்சாரம் இல்லை. மொபைலில் ஒரு படத்தை எடுத்து நீட்டினேன். தட்டையான உடம்பு, நடுவில் பெட்டி பெட்டியாக அடுக்கிய மேல்கட்டு, முன்னால் ஒரு பீரங்கி, பின்னால் ஹெலிகாப்டர் இறங்கும் தளம். சுற்றிலும் காபித்தூள் நிற ஆற்று நீர்.

"ஏல மருமவனே, இது என்ன, பார்ஜா?"

"மானிட்டர் மாமா. பிரேசில் நேவியோட ஆத்துக் கப்பல். உடம்பச் சுத்தி கவசம் போட்டது."

"எத்தன சூத்?"

"76 மில்லிமீட்டர்னு போட்டிருக்கு."

கண்ணை மூடினார். "மூணு இஞ்சு. இருபத்துநாலு சூத்து." கண்ணைத் திறந்தார். "ஆத்துலயா? தரை தட்டிராதாலே?"

இந்தக் கப்பல்களைப் பற்றி நான் மூன்று வருஷமாகப் படித்து வருகிறேன். எங்கெங்கோ சுற்றி நான் வந்து சேர்ந்த கேள்விக்கு அவர் அரை நிமிஷத்தில் வந்துவிட்டார்.

கப்பலின் பெயர் பர்னைபா. 1937-ல் ரியோ டி ஜெனீரோவின் கடற்படைத் தளத்தில் கட்டியது. நீளம் 55 மீட்டர், அகலம் 10 மீட்டர் சொச்சம். தண்ணீருக்குள் அமிழ்வது சுமார் 1.6 மீட்டர்தான். என் உயரத்தைவிடக் குறைவு. பராகுவே ஆற்றில் லடாரியோ என்ற ஊர்தான் அதன் தளம். கடலிலிருந்து அத்தனை தூரம் உள்ளே, கண்டத்தின் வயிற்றுக்குள், ஒரு கடற்படை. இரண்டாம் உலகப் போரில் அதைக் கடலுக்குக் கொண்டுவந்து சால்வடார் துறைமுகக் காவலில் நிறுத்தினார்கள். பிறகு ஆற்றுக்கே திரும்பிவிட்டது. நீராவி எஞ்சினை 1999-ல்தான் கழற்றி டீசல் வைத்தார்கள். உலகில் இன்னும் பணியில் இருக்கிற மிகப் பழைய போர்க்கப்பல்களின் பட்டியல் எதை எடுத்தாலும் இதன் பெயர் இருக்கும். முன் பீரங்கியின் வாயும் 76 மில்லிமீட்டர், பக்கக் கவசத்தின் கனமும் 76 மில்லிமீட்டர். இது தற்செயல்தான். ஆரம்பத்தில் இருந்தது இதைவிடப் பெரிய பீரங்கி.

மாமாவின் கேள்விக்கு வருகிறேன். ஒரு காகிதம் எடுத்து இருவரும் கணக்குப் போட்டோம். மூன்று அங்குல இரும்பு ஒரு சதுர மீட்டர் கிட்டத்தட்ட 600 கிலோ. வீட்டு வாசல் கதவு அளவுக்கு ஒரு துண்டு வெட்டினால் ஒரு டன். கப்பல் நீர்மட்டத்தில் அடைத்துக்கொள்கிற பரப்பு, முன்னும் பின்னும் குறுகுவதைக் கழித்தால், ஏறக்குறைய 440 சதுர மீட்டர். அதாவது நாலரை டன் ஏற்றினால் ஒரு சென்டிமீட்டர் அமிழும். நாலு கதவு, ஒரு சென்டிமீட்டர். பேச்சுக்கு நடுப்பகுதியில் மட்டும் இரண்டு பக்கமும் 30 மீட்டர் நீளத்துக்கு ஒரு மீட்டர் உயரத்தில் கவசம் போர்த்துவதாக வைத்துக்கொண்டால் 36 டன், 8 சென்டிமீட்டர்.

எட்டு சென்டிமீட்டர் என்பது கடல்காரனுக்கு ஒன்றுமே இல்லை, ஒரு அலையின் நுரை. ஆற்றுக்காரனுக்கு அப்படி இல்லை. மணல்திட்டு ஏறி இறங்கும் இடத்தில் அடிப்பலகைக்கும் தரைக்கும் நடுவே மிஞ்சியிருப்பதே ஒரு சாண்தான் என்றால், அதில் மூன்றில் ஒரு பங்கு போய்விட்டது. இன்னொரு விஷயம் உண்டு. நல்ல தண்ணீர் கடல் தண்ணீரைவிட லேசு. உப்பு தாங்கும் அளவுக்கு அது தாங்காது. கடலில் 1.6 மீட்டர் அமிழ்கிற கப்பல் ஆற்றுக்குள் வந்தால் இன்னும் நாலு சென்டிமீட்டர் இறங்கும். சரக்குக் கப்பல்களின் பக்கத்தில் ஏணி மாதிரி கோடு கோடாகப் போட்டிருப்பார்களே, அதில் நல்ல தண்ணீருக்கென்று தனிக் கோடு இருப்பது இதற்காகத்தான். மாமா அந்தக் கோடுகளை நூற்றுக்கணக்கில் வெட்டியிருக்கிறார். "அதுக்கா அது?" என்றார். முப்பது வருஷம் கழித்து.

அப்படியானால் அகலத்தைக் கூட்டலாம். அகலம் கூடினால் ஒரே எடைக்குக் குறைவாக அமிழும், ஆனால் தண்ணீரைத் தள்ள அதிக எஞ்சின் வேண்டும், எஞ்சினுக்கும் எடை உண்டு. இல்லையென்றால் பீரங்கியைக் குறைக்கலாம், எரிபொருளைக் குறைக்கலாம். ஆற்றுக் கவசக் கப்பலின் சரித்திரம் முழுக்க இந்தப் பேரம்தான். கடலில் இரண்டு கடற்படைகள் ஒன்றையொன்று பார்த்துக் கப்பல் கட்டும். ஆற்றில் எதிரிக்கு முன்னால் ஆறு வந்து உட்கார்ந்துகொண்டு தன் பங்கைக் கேட்கும்.

இதை நான் புத்தகத்தில் படித்துப் புரிந்துகொள்ளவில்லை. மும்பையின் பாவ்ச்சா தக்கா படகுத்துறையிலிருந்து உரண் பக்கம் மோராவுக்குப் போகும் லாஞ்சில் ஒருநாள் சேற்றில் உட்கார்ந்தபோதுதான் புரிந்தது. வற்றம் அடிமட்டத்துக்கு வந்த நேரம், கரை கண்ணுக்கு எதிரே. படகு முனகிக்கொண்டே வேகம் குறைந்தது. எஞ்சின் சத்தம் மாறியது, பின்னாலிருந்து கறுப்பாகச் சேறு கொதித்து வந்தது, நின்றுவிட்டோம். மீன்கூடைக்காரம்மா ஒருவர் மராட்டியில் யாரையோ பரம்பரையோடு திட்டினார். தாண்டேல் அலட்டிக்கொள்ளவில்லை. (நம் கடற்கரையில் தோணி ஓட்டும் தண்டலும் இந்தத் தாண்டேலும் ஒரே சொல்லாகத்தான் இருக்க வேண்டும்.) ஒரு பையன் நீளக் கழியை இறக்கிப் பார்த்து ஏதோ கத்தினான். உடனே தாண்டேல், பின்னால் இருந்த எல்லாரையும் முன்னால் போய் நிற்கச் சொன்னார். நாற்பது பேர், கூடைகள், ஒரு சைக்கிள் எல்லாம் முன்னால் போனோம். பின்புறம் கொஞ்சம் தூக்கியது, எஞ்சினைப் பின்னோக்கிப் போட்டார், படகு சேற்றை விட்டுக் கழன்றது. நாற்பது பேர் என்றால் இரண்டரை டன் இருக்குமா? ஒரு கப்பலை ஓட வைக்கவும் நிற்க வைக்கவும் அது போதும் என்று செருப்புக்கடியில் தெரிந்துகொண்டேன்.

மும்பைக்காரர்களுக்கே அதிகம் தெரியாத ஒன்றைச் சொல்ல வேண்டும். இந்தத் துறைமுகத்திலேயே இரண்டு மானிட்டர்கள் முப்பது வருஷத்துக்கு மேல் நின்றிருக்கின்றன. மக்தலா, அபிசீனியா. இரண்டும் 1870-ல் இங்கிலாந்தில் கட்டி பம்பாய்த் துறைமுகக் காவலுக்கென்றே அனுப்பியவை. பெயர்கள் 1868 அபிசீனியப் போரிலிருந்து வந்தன. அந்தப் படை புறப்பட்டதும் இதே பம்பாயிலிருந்துதான். ஒவ்வொன்றிலும் இரண்டு சுழல் கோபுரங்கள், கோபுரத்துக்கு இரண்டாக நாலு பத்தங்குலப் பீரங்கிகள். அபிசீனியா கொஞ்சம் சின்னது, காரணம் பட்ஜெட்டை வெட்டிவிட்டார்கள். இவை ஆற்றுக் கப்பல்கள் இல்லை, நாலரை மீட்டர் தண்ணீர் கேட்பவை. ஒரு சண்டையும் பார்க்காமல் 1903 வாக்கில் விலைக்குப் போயின. இதே வகையில் மெல்போர்னுக்குப் போன செர்பரஸ் இன்றும் அங்கே கரையோரம் அலைதடுப்பாகப் பாதி மூழ்கிக் கிடக்கிறது. நம் இரண்டுக்கும் அந்தப் பாக்கியம்கூட இல்லை. கேட்வே ஆஃப் இந்தியாவில் போட்டோ எடுக்கிறவர்கள் பார்க்கிற அதே தண்ணீரில் அவை நின்றன என்பதற்கு ஒரு பலகைகூட என் கண்ணில் பட்டதில்லை.

மானிட்டர் என்ற பெயர் 1862-ல் அமெரிக்க உள்நாட்டுப் போரில் வந்தது. ஜான் எரிக்சன் கட்டிய கப்பலுக்கு அவரே வைத்த பெயர். எதிரியைக் கண்டித்து எச்சரிக்கும் என்ற பொருளில். சட்டாம்பிள்ளை என்று வைத்துக்கொள்ளுங்கள். அந்தச் சட்டாம்பிள்ளை மார்ச் 9-ல் ஒரு சண்டை போட்டார், டிசம்பர் 31-ல் கடல் கொந்தளிப்பில் மூழ்கிப் போனார். தண்ணீருக்கு மேல் தெரிவதே முழங்கால் உயரம் என்றால் கடல் விடுமா? ஆனால் அந்தக் குள்ள உருவம் ஆற்றுக்குச் சரியாகப் பொருந்தியது. எதிரி குறிவைக்க உடம்பே மிஞ்சாது, கவசம் போர்த்த வேண்டிய பரப்பும் குறையும்.

அதை முழுசாகப் பயன்படுத்தியவர்கள் பிரேசில்காரர்கள். பர்னைபா இன்று மிதக்கிற அதே பராகுவே ஆற்றில், இன்னும் கீழே, பிரேசில் அப்போது போரிட்டுக்கொண்டிருந்த பராகுவே நாட்டுக்கு உமைத்தா என்று ஒரு கோட்டை. ஆறு குதிரைலாடம் போல வளையும் இடத்தில் கரை நெடுக பீரங்கிகள், குறுக்கே ஆற்றைக் கட்டிய கனத்த சங்கிலிகள். அந்த வளைவுக்காகவே பிரேசில் ரியோவில் ஆறு சின்ன மானிட்டர்களைக் கட்டியது. ஒற்றைப் பீரங்கி, ஒன்றரை மீட்டர் ஆழம், தண்ணீருக்கு மேலே ஒரு அடி உயரத்தில் தளம், நாற்பத்து மூன்று ஆட்கள். 1868 பிப்ரவரி 19 விடியலுக்கு முன் மூன்று பெரிய கவசக் கப்பல்கள் ஒவ்வொன்றும் ஒரு மானிட்டரைப் பக்கத்தில் கட்டிக்கொண்டு கோட்டையைக் கடந்தன. அலகோவாஸ் என்ற மானிட்டரின் கயிறு குண்டில் அறுந்து அது கீழே அடித்துச் செல்லப்பட்டது. திரும்பச் சொல்லி உத்தரவு. தளபதி மௌரிட்டி அதைக் காதில் வாங்காமல் தனியாகவே மறுபடி மறுபடி எதிர்நீரில் ஏறிக் கடந்துவிட்டார். நூற்றெண்பதுக்கு மேல் குண்டுகள் அதன்மேல் விழுந்தன.

வீரக்கதையாகச் சொன்னால் இங்கே நிறுத்தலாம். எனக்குப் பிடித்தது சங்கிலியின் கதை. அதைத் தாங்கி நின்ற மிதவைகளைப் பிரேசில்காரர்கள் மாதக்கணக்கில் சுட்டுச் சுட்டு மூழ்கடித்தார்கள். சங்கிலி கனம் தாங்காமல் ஆற்றின் அடியில் போய்ச் சேற்றில் புதைந்தது. பிறகு ஆறு பெருகக் காத்திருந்தார்கள். வெள்ளம் வந்து சங்கிலிக்கு மேல் போதுமான தண்ணீர் நின்ற பிறகுதான் கடந்தார்கள். அந்த இரவில் அத்தனை குண்டையும் தாங்கியது இரும்பு. வழிவிட்டது ஆறு.

இதைச் சொன்னபோது மாமா சங்கிலியைத்தான் விசாரித்தார். அதை யார் எடுத்துக்கொண்டது, எத்தனை டன் தேறியிருக்கும்.

டான்யூப் நதியின் கதை அவருக்கு இன்னும் நெருக்கம். முதல் உலகப் போரின் முதல் குண்டுகளைப் பெல்கிரேடின் மேல் போட்டவை ஆஸ்திரிய-ஹங்கேரியின் ஆற்று மானிட்டர்கள், 1914 ஜூலை 28 இரவு கடந்து 29 விடிவதற்குள். அதில் ஒன்று போத்ரோக். அது 1.2 மீட்டர் தண்ணீரில் ஓடும், பக்கக் கவசம் 40 மில்லிமீட்டர். ("பதிமூணு சூத்துக்குக் கொஞ்சம் குறைய.") பிறகு யுகோஸ்லாவியாவின் கையில் சாவா என்று பெயர் மாறியது, இரண்டாம் போரும் பார்த்தது. கடைசியில் கோபுரம் பீரங்கி எல்லாம் போய், பல வருஷம் ஜல்லி ஏற்றும் பார்ஜாக ஓடியது. எத்தனையோ லட்சம் பேரைக் கொன்ற ஒரு போரைத் தொடங்கிய கப்பல் ஜல்லி சுமந்தது. செர்பியர்கள் அதைக் கண்டுபிடித்து, பழுது பார்த்து, 2021-ல் பெல்கிரேடில் அருங்காட்சியகமாக்கினார்கள்.

"ஜல்லி ஏத்துனதால தப்பிச்சுது," என்றார் மாமா. "சும்மா நின்னிருந்தா எங்கிட்ட வந்திருக்கும்."

கவசம் போகப்போக மெலிந்ததையும் சொல்ல வேண்டும். சோவியத்துகள் இரண்டாம் உலகப் போரில் ஆற்றுக்குக் கட்டிய கவசப் படகுகளில் டாங்கியின் கோபுரத்தைக் கழற்றி அப்படியே பொருத்தியிருந்தார்கள். பக்கத்துக்கு 7 மில்லிமீட்டர் தகடு. அரை மீட்டர் சொச்சம் தண்ணீர் இருந்தால் போதும். ஸ்டாலின்கிராடில் வோல்காவைக் கடந்து ஆளும் குண்டும் கொண்டுபோன படகுகளில் இவையும் உண்டு. 7 மில்லிமீட்டர் துப்பாக்கித் தோட்டாவை, சில்லுகளைத் தடுக்கும், பீரங்கிக் குண்டைத் தடுக்காது. கட்டியவர்களுக்கு அது தெரிந்தேதான் இருந்தது. வியட்நாமில் மீகாங் டெல்டாவின் கால்வாய்களுக்கு அமெரிக்கர்கள் பழைய தரையிறக்குப் படகுகளை மானிட்டராக்கினார்கள். தகட்டைக் கனமாக்காமல் வெளியே ஜன்னல் கம்பி மாதிரிக் கம்பிகளை வரிசையாக வைத்தார்கள். தோளில் வைத்துச் சுடுகிற ராக்கெட் கம்பியில் பட்டு முன்கூட்டியே வெடித்துவிடும், உடம்புக்கு வந்து சேரும்போது பலம் குறைந்திருக்கும். நம் வீட்டு ஜன்னலில் திருடனுக்கு வைக்கிற ஏற்பாடுதான். உக்ரைனின் கவசப் படகுகள் இரண்டு, பெர்தியான்ஸ்கும் நிக்கோபோலும், 2018 நவம்பரில் கெர்ச் நீரிணைப் பக்கம் ரஷ்யக் கப்பல்களிடம் பிடிபட்டன. ஆற்றுக்கும் கரையோரத்துக்கும் நினைத்துக் கட்டிய 54 டன் படகு, கடலில் தன்னைவிடப் பெரியதிடம் மாட்டினால் அதுதான் கதி.

நம் பக்கத்து ஆறுகளில் கவசமே இல்லாமல் நடந்த ஒன்று இருக்கிறது. 1971-ல் கல்கத்தா துறைமுகத்தின் இரண்டு படகுகளுக்கு ஆளுக்கு இரண்டு போஃபர்ஸ் பீரங்கி வைத்து, பத்மா, பலாஷ் என்று பெயரிட்டு, வங்கதேச விடுதலைப் போராளிகளுக்குக் கொடுத்தார்கள். இந்தியக் கடற்படையின் பன்வேல் படகோடு, கமாண்டர் சாமந்த் தலைமையில் ஆற்று வழியே குல்னாவை நோக்கிப் போனார்கள். டிசம்பர் 10 அன்று மேலே விமானங்கள் வந்தன. நம் விமானங்கள்தான். எதிரிப் படகு என்று நினைத்துத் தாக்கிவிட்டன. பத்மாவும் பலாஷும் எரிந்தன. பலாஷின் எஞ்சின் அறையை விட்டுப் போக மறுத்த ரூஹுல் அமீன் அன்று இறந்தார். வங்கதேசத்தின் மிக உயர்ந்த வீர விருது பெற்ற ஏழு பேரில் அவர் ஒருவர். ரூப்சா ஆற்றங்கரையில் அவர் கல்லறை இருக்கிறது. துறைமுகப் படகின் தளத்துக்கு எத்தனை சூத் இருக்கும் என்று மாமாவிடம் கேட்டேன். "ரெண்டு. மிஞ்சிப்போனா ரெண்டரை," என்றார். பிறகு கொஞ்ச நேரம் இருவரும் பேசவில்லை.

மின்சாரம் வந்தது. அத்தை டீ கொண்டுவந்தார். மாமா மறுபடி மொபைலை வாங்கி பர்னைபாவைப் பெரிதாக்கிப் பார்த்தார். நீர்மட்டக் கோட்டைத் தேடுகிறார் என்று புரிந்தது.

லடாரியோவில் ஆற்றங்கரையில் ஒரு அளவுகோல் இருக்கிறது மாமா, 1900-லிருந்து தினமும் தண்ணீர் மட்டத்தைக் குறித்து வருகிறார்கள் என்றேன். பந்தனால் சதுப்பு ஒரு பெரிய பஞ்சு மாதிரி, மேலே பெய்த மழை அதில் ஊறி மெதுவாக இறங்கி, மாதக்கணக்கில் கழித்துத்தான் அந்தக் கோலில் ஏறும். 2024 அக்டோபரில் அது மைனஸ் 69 சென்டிமீட்டர் காட்டியது. பதிவு தொடங்கிய நாளிலிருந்து அவ்வளவு கீழே போனதில்லை.

"மைனஸா? தண்ணியே இல்லையா?"

"இருக்கும் மாமா. பூஜ்யம்ங்கறது அவங்க வச்ச குறி. அதுக்குக் கீழயும் ஆறு ஓடும். ஆனா கொஞ்சமா."

காகிதத்தை எடுத்தார். நாலு கதவு, ஒரு சென்டிமீட்டர் என்று முன்பு எழுதியதற்குக் கீழே 69 என்று எழுதி, நாலால் பெருக்கினார். 276. அடிக்கோடு போட்டார்.

"இத்தன கதவு கழட்டணும்லே," என்றார். "அவ்வளவு கதவு அதுல இருக்காது."